மதுரங்குளி வரை வந்த மகன்

என் மகன்,

ஸலாம் சொல்லி, சுகம் விசாரித்து, இங்கே எல்லோரும் நலம் என்று எழுதித்தான் கடிதம் தொடங்க வேண்டும் என்று எங்களுக்குப் பள்ளிக்கூடத்தில் படிப்பித்தார்கள். ஸலாமை மனம் நிறையச் சொல்லிவிட்டேன். 'எல்லோரும்' என்று எழுத இந்த வீட்டில் நான் ஒருவன்தான் இருக்கிறேன். நீ அனுப்பிய அழைப்புக் கடிதமும் விசாவுக்கான தாள்களும் போன கிழமை வந்து சேர்ந்தன. உம்மாவின் அலுமாரியில், அவளுடைய தொழுகை உடுப்புக்குக் கீழே வைத்திருக்கிறேன். காலையில் ஒருமுறை திறந்து பார்ப்பேன், பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு வந்து இன்னொருமுறை. தாள்கள் ஓடிப்போகாது என்று தெரியும். ஆனாலும் பார்க்கிறேன்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து நீ போன் எடுத்தபோது உன் குரலில் அவ்வளவு சந்தோஷம். "வாப்பா, இந்த நாடகம் என்ட கதைதான். முன் வரிசையில உங்களுக்கு ஒரு கதிரை போட்டிருக்கு. கடைசியில நான் மேடையில இருந்து உங்களக் கூப்பிடுவன். நீங்க எழும்பி நிண்டாப் போதும், ஒண்டும் கதைக்கத் தேவையில்ல" என்றாய். நான் "ஓம் மகன், பாப்பம்" என்றேன். பிறகு அந்த நாடகத்தில் நீ பேசப்போகிற வசனத்தைத் தமிழில் சொல்லிக் காட்டினாய். உம்மாவின் உயிர் ஒரு நொடியில் போனது, வாப்பா அவள் கையைப் பிடித்துக்கொண்டிருந்தார், முடிந்தவுடனே எனக்கு அறிவித்தார், நான்தான் அன்றைக்கும் மேடை ஏறினேன் என்று. மகன், அதில் நீ மேடை ஏறியதும் நான் கையைப் பிடித்துக்கொண்டிருந்ததும் மட்டும்தான் மெய். மற்றதெல்லாம் நான் உனக்குச் சொன்ன பொய். அந்தப் பொய்யைக் கேட்டுவிட்டு, அத்தனை பேர் கைதட்ட, நான் எழும்பி நிற்க முடியாது. அதனால்தான் எழுதுகிறேன்.

போனில் சொல்லலாமே என்று கேட்பாய். போனில் எனக்கு வாய் வருவதில்லை. நீ "சாப்பிட்டீங்களா வாப்பா" என்று கேட்டவுடன் சாப்பாட்டுக் கதைக்குப் போய்விடுவேன், அது எனக்கு வசதி. கடிதத்தில் அப்படித் தப்ப முடியாது. சுபஹு தொழுதுவிட்டு வந்து எழுதத் தொடங்கினேன். இப்போது வெயில் ஏறிவிட்டது. கடையில் அரை றாத்தல் பாண்தான் ஆகச் சிறியது. அதில் பாதியை நான் தின்கிறேன், மீதியைக் கோழிகளுக்குப் போடுகிறேன். ஒரு ஆளுக்கென்று இந்த ஊரில் யாரும் ஒன்றும் செய்து விற்பதில்லை.

உன் காலைப் பற்றி முதலில் சொல்ல வேண்டும். தொண்ணூறில் இயக்கம் நம் முஸ்லிம் ஆக்களை விரட்ட, மன்னாரை விட்டு வந்தபோது நீ இரண்டு வயதுப் பிள்ளை, என் தோளில் இருந்தாய். புத்தளத்துக் கரைத்தீவில் ஓலைக் கொட்டில் போட்டுக்கொண்டு, கடல்நீர்க் களப்போரத்து உப்பளத்தில் நானும் உம்மாவும் வேலைக்குப் போனோம். நீ கொஞ்சம் வளர்ந்ததும் பள்ளிக்கூட விடுமுறையில் எங்களோடு வந்தாய். உப்பு எடுக்குமுன் பாத்தியின் தரையை ஈரக் களிமண்ணாக்கிக் காலால் மிதித்து மிதித்து இறுக்க வேண்டும். தரை இறுகாவிட்டால் உப்பில் சேறு கலந்துவிடும். வரிசையாக நின்று, எல்லாக் காலும் ஒன்றாக விழ வேண்டும். அதற்குக் கைதட்டித் தாளம் கொடுப்பவள் உன் உம்மாதான். அவள் தட்டுக்கு வரிசையே நகரும். ஒருவன் பிந்தினாலும் பார்க்காமலே அவன் பேரைச் சொல்லிக் கூப்பிடுவாள். நீ அதை விளையாட்டாக்கிவிட்டாய். எல்லோரும் ஒரு மிதி மிதிக்க, நீ நடுவில் இரண்டு சின்ன மிதி போடுவாய். உம்மா சிரிப்பை அடக்கிக்கொண்டு தட்டுவாள். நான் முறைப்பேன்.

உனக்குப் பதினொரு வயதிருக்கும்போது ஒருநாள் சிப்பி ஓடு உன் இடது குதிங்காலை ஆழமாக வெட்டியது. அன்றைக்குப் பாத்தி முடிந்தே ஆக வேண்டும். "நிப்பாட்டுங்க, பிள்ளைட கால் பிளந்து கிடக்கு" என்று உம்மா கத்தினாள். நான் ஒரு துணியைக் கிழித்துக் கட்டிவிட்டு, "ஆம்புளப் பிள்ளதானே, மிதி" என்றேன். நீ உப்புத் தண்ணீரில் பல்லைக் கடித்துக்கொண்டு மிதித்தாய். அழவில்லை. அன்றிலிருந்து உன் இடது கால் தரையில் விழுமுன் ஒரு கணம் யோசிக்கும். வேறு யாருக்கும் தெரியாது. எனக்குத் தெரியும், உம்மாவுக்குத் தெரியும். உனக்கு ஒரு மகன் பிறந்தால், அவன் வலிக்கிறது என்று சொல்லாவிட்டாலும் நிறுத்திவிடு. அதற்காக எந்தப் பாத்தியும் கெட்டுப்போகாது.

யுத்தம் முடிந்த பிறகு கற்பிட்டிக் கடலில் காற்றாடி பிடித்துப் பலகையில் ஓட வெள்ளைக்காரர் வரத் தொடங்கினார்கள். எத்தாளைப் பக்கம் ஒரு சின்ன ஹோட்டலில் உனக்குச் சமையலறை வேலை கிடைத்தது. அங்கே தங்க வந்த ஸ்பானியப் புருசனும் பெண்சாதியும் நீ பலகைத் தரையில் நின்று கோப்பை கழுவும்போது காலால் தாளம் போடுவதைப் பார்த்திருக்கிறார்கள். அந்தப் பெண் ஒரு ஆட்டப் பள்ளிக்கூடம் வைத்திருப்பவள், புருசனுக்கு ஒரு சாப்பாட்டுக் கடை. அடுத்த வருடமே கடைக்கு ஆள் வேண்டும் என்று எழுதி உன்னைத் தங்கள் நாட்டுக்குக் கூப்பிட்டுக்கொண்டார்கள். ஆகவே நீ சமையலறை வேலைக்குப் போனாய் என்று நான் ஊரில் சொன்னது தொடக்கத்தில் பொய்யே இல்லை. பகலில் கோப்பை கழுவினாய், பின்னேரம் அந்தப் பெண்ணிடம் ஆட்டம் படித்தாய். குதிங்காலால் பலகையை அடித்து ஆடுகிற அவர்களுடைய ஆட்டத்தை, அங்கே பிறந்தவர்களே வாய் பிளக்க, நீ இரண்டே வருடத்தில் ஆடினாய். ஒரு குழுவில் சேர்ந்து நாடு நாடாகப் போனாய்.

நீ வேலை மாற்றிக்கொண்டாய், நான் மாற்றவில்லை. ஊரில் யாராவது கேட்டால் "கடையில நிக்கிறான்" என்பேன். கொஞ்ச நாள் போக உன்னைத் தலைமைச் சமையல்காரன் ஆக்கினேன். பிறகு மனேஜர் ஆக்கினேன். உனக்கு வாய் கூசாமல் பதவி உயர்வு கொடுத்ததெல்லாம் உன் வாப்பாதான். ஏன் என்று உனக்குத் தெரியும். நான் பள்ளிவாசல் நிர்வாகத்தில் இருந்தேன். ஒரு கல்யாண வீட்டில் பெடியன்கள் பாட்டுப் போட்டு ஆடியபோது, சாப்பிடாமல் எழும்பிப் போய்ப் பாட்டுப் பெட்டியை நிறுத்த வைத்தவன் நான். மாப்பிள்ளையின் வாப்பா எல்லோர் முன்னாலும் என்னிடம் மன்னிப்புக் கேட்டார். அப்படிப்பட்டவனின் மகன் காதில் கடுக்கனும் குடுமியுமாய் மேடையில் ஆடுகிறான் என்றால் என் முகத்தை எங்கே வைப்பேன்? அகதி என்று வந்து, இந்த ஊரில் ஒரு மரியாதையைப் பிடிக்க எனக்கு இருபது வருடம் எடுத்தது. அதை விட மனம் வரவில்லை.

முழங்கால் போய், இனி ஆட முடியாது என்று டொக்டர் சொன்னபோது நீ போனில் அழுதாய். நான் உள்ளுக்குள் அல்ஹம்துலில்லாஹ் சொன்னேன், அதையும் ஒப்புக்கொள்கிறேன். சரி, இனித் திரும்பி வருவான் என்று நினைத்தேன். நீயோ நடிக்கப் போய்விட்டாய். முதலில் படங்களில் உனக்குக் கிடைத்ததெல்லாம் மொரோக்கோக்காரன் வேசமும் பழக்கடைக்காரன் வேசமும்தான். மூன்று படத்தில் உன்னைச் சாகடித்தார்கள். நீ அனுப்பிய துண்டுகளைப் போனில் போட்டு, செத்தது நடிப்பு என்று தெரிந்தும் உம்மா மூன்று முறையும் அழுதாள். "இவனுக்கு ஒரு டொக்டர் வேசம் குடுத்தாக் குறைஞ்சா போகும்?" என்று கேட்பாள். அதற்குப் பிறகு மேடை நாடகம் வந்தது, பெரிய பேரும் வந்தது. இப்போது நீ அனுப்பிய விளம்பரத் தாளைப் பக்கத்து வீட்டு ரிஸ்மியா டீச்சர் தன் போனில் மொழிபெயர்த்துக் காட்டினா. 'ஸ்பானிய ஆட்டக் கலைஞர், திரை, மேடை நடிகர்' என்று போட்டிருக்கிறது. மன்னார் என்று ஒரு சொல் இல்லை, புத்தளம் என்றும் இல்லை. எனக்குக் கோபம் வந்தது. பிறகு, அவனை இங்கேயிருந்து மறைத்தது யார் என்று நினைத்து, அந்தத் தாளை மடித்து வைத்துவிட்டேன்.

இனி உம்மாவின் கதைக்கு வருகிறேன். தள்ளிப்போடாமல் எழுதிவிடுகிறேன். உம்மா ஒரு நொடியில் மௌத்தாகவில்லை. ஒன்பது நாள் புத்தளம் ஆஸ்பத்திரியில் கிடந்தாள். இருதயம் பலவீனமாகிவிட்டது என்றார்கள். மூன்றாம் நாள் டொக்டர் என்னை வெளியே கூப்பிட்டு, வெளிநாட்டில் பிள்ளைகள் இருந்தால் சொல்லிவிடுங்கள் என்றார். நான் ஆஸ்பத்திரி முற்றத்து வேப்பமரத்தடியில் போனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். உன் பேரை எடுத்தேன். அப்போது என் மனதில் வந்தது உம்மாவின் முகம் இல்லை மகன். நீ குடுமியும் கடுக்கனுமாய் வந்து ஜனாஸா வரிசையில் முன்னால் நிற்பதும், பள்ளிக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வதும்தான் வந்தது. போனைச் சட்டைப் பைக்குள் போட்டேன்.

உள்ளே போனதும் அவள் கேட்டாள், "மகனுக்குச் சொன்னீங்களா?"

"சொல்லிட்டன். வாறான்."

"எப்ப?"

"டிக்கெட் எடுத்துட்டான்."

ஒரு பொய்யைச் சொன்னால் அதை நடத்திக்கொண்டு போகவும் வேண்டுமே. அவள் ஒவ்வொரு நாளும் கேட்டாள், நான் ஒவ்வொரு நாளும் உன்னைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொண்டு வந்தேன். ஆறாம் நாள் நீ கட்டாரில் பிளேன் மாறினாய். ஏன் இவ்வளவு நேரம் என்றாள், பிளேன் பிந்துகிறது என்றேன். அந்த வெள்ளிக்கிழமை நீ வழமைபோல் போன் எடுத்தாய், நினைவிருக்கிறதா? உம்மா குளிக்கிறா என்று சொல்லி வைத்துவிட்டேன். எட்டாம் நாள் உன்னைக் கட்டுநாயக்கா எயார்போட்டில் இறக்கினேன். ஒன்பதாம் நாள் காலை சிலாபம் தாண்டிவிட்டாய் என்றேன். "சாப்பிட்டானாமா?" என்று கேட்டாள். "சிலாபத்துல பாணும் பருப்பும் சாப்பிட்டானாம்" என்றேன். அவள் முகம் தெளிந்தது. கொஞ்ச நேரத்தில் கண்ணைத் திறந்து, "இப்ப எங்க?" என்றாள். "மதுரங்குளிச் சந்திக்கு வந்துட்டான்" என்றேன். அங்கேயிருந்து ஆஸ்பத்திரிக்கு அரை மணித்தியாலப் பாதைதான், உனக்கே தெரியும். அதற்கு மேல் உன்னை எப்படிக் கொண்டு வருவதென்று எனக்குத் தெரியவில்லை. அவள் வாசலைப் பார்த்தபடியே இருந்தாள். நான் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். நண்பகல் லுஹர் பாங்கு சொல்லுமுன் முடிந்துவிட்டது. அவள் என்னை நம்பினாளா, நம்பியதுபோல் இருந்தாளா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அன்றைக்கே அஸர் தொழுகையோடு அடக்கினோம். மையவாடியில் மண் போட்டுவிட்டு நிற்கும்போது பள்ளித் தலைவர் என் தோளில் கை வைத்து, "உங்கட நடிகர் மகனால வர முடியல்லியா? பாவம், உம்மாட உசிரெல்லாம் அவன்தான்" என்றார். "உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றேன். அவர் சங்கடப்பட்டுச் சிரித்தார். "உங்கட வீட்ல சொல்லித்தானே. நீங்க பள்ளிக்கு வரேக்க உங்கட போன வீட்ல வெச்சிட்டுத்தானே வருவீங்க. அந்த நேரத்துல எங்கட பொம்புளைகள் எல்லாருக்கும் அவன்ட ஆட்டத்தப் போட்டுக் காட்டிருக்கிறா. பிறகு நாங்களும் பாத்தம். நீங்க வெக்கப்படுவீங்க எண்டுதான் ஒருத்தரும் கேக்கல்ல" என்றார்.

பார்த்தாயா மகன்? தொழுகையில் சத்தம் போடக்கூடாதென்று நான் ஐந்து நேரமும் போனை வீட்டில் வைத்துவிட்டுப் போவேன். நான் பள்ளியில் ஸஃப் வரிசையில் நிற்க, உம்மா அக்கம்பக்கத்து ஒழுங்கைப் பெண்களைக் கூட்டி வைத்து உன்னை ஆட விட்டிருக்கிறாள். எத்தனை வருடமாக! நான் யாரிடமிருந்து உன்னை மறைத்தேனோ அவர்கள் எல்லோரும் உன் ஒவ்வொரு படத்தையும் பார்த்திருக்கிறார்கள். நீ செத்த மூன்று முறையும் அழுதிருக்கிறார்கள். மனேஜர் கதையை நான் சொல்லச் சொல்லத் தலையாட்டிக் கேட்டது என் மேலுள்ள மரியாதையால். ஒன்றுமில்லாத ஒன்றுக்காக உன்னை உம்மாவிடம் வரவிடாமல் செய்துவிட்டேன். அந்த மையவாடியில் நின்று அழுதேன். எல்லோரும் உம்மாவுக்காக அழுகிறேன் என்று நினைத்தார்கள்.

அதன் பிறகாவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். வீட்டுக்கு வந்து உனக்குப் போன் எடுத்தேன். "எப்ப வாப்பா?" என்றாய். "இப்பதான் மகன், திடீரெண்டு" என்றேன். இன்றைக்கு மேடை இருக்கிறது, போகமாட்டேன் என்று நீ அழுதாய். "இனி வந்து என்ன செய்யப் போறா, வேலையப் பாரு" என்று சொன்னவன் நான். அடுத்த வெள்ளிக்கிழமை அதே வாயால், "உம்மா மௌத்தான அண்டைக்கும் மேடை ஏறினவன்தானே நீ" என்று குத்திக் காட்டினேன். என் குற்றத்தை உன் தலையில் வைத்தால் எனக்குப் பாரம் குறையும் என்று நினைத்திருக்கிறேன் போல. குறையவில்லை. நீ அந்தப் பழியை மூன்று வருடம் சுமந்து, இப்போது அதை நாடகமாகவும் எழுதி வைத்திருக்கிறாய், அதிலும் என்னை நல்லவனாக. மகன், அந்த வசனத்தை எடுத்துவிடு. நீ ஒரு பிழையும் செய்யவில்லை. அதை நான் உனக்குச் சொல்லாமல் செத்துப்போனால் அது இதைவிடப் பெரிய பாவம்.

வீட்டில் கதைப்பதற்கு ஆளில்லை என்பதால் சுவரோடு கதைத்துப் பழகிவிட்டேன். இப்போது தொழப் போகும்போது போனைக் கையோடு கொண்டு போகிறேன். வீட்டில் வைத்துவிட்டுப் போனாலும் எடுத்துப் பார்க்க யாரும் இல்லை. பொய் சொல்லாதே என்று உனக்கு உபதேசம் செய்ய எனக்கு யோக்கியதை இல்லை. ஒன்று மட்டும் சொல்கிறேன். உன்னைப் பார்த்து யார் என்ன நினைப்பார்கள் என்று பயந்து ஒருவரையும் தூர வைக்காதே. நினைப்பவர்கள் ஜனாஸா முடிந்ததும் வீட்டுக்குப் போய்விடுவார்கள், மகன். மிச்ச நாளெல்லாம் நீ தனியாகத்தான் இருக்க வேண்டும்.

விசாவுக்குப் போக இன்னும் மூன்று கிழமை இருக்கிறது. இதை வாசித்த பிறகும் அந்தக் கதிரை எனக்கு வேண்டும் என்று நீ சொன்னால் வருவேன். நீ கூப்பிட்டால் எழும்பி நிற்பேன். வேண்டாம் என்றால் அந்தத் தாள்களைத் திருப்பி அனுப்புகிறேன், உன்னில் மனவருத்தமே இல்லை. இந்த வெள்ளிக்கிழமை போன் வராவிட்டாலும் நான் விளங்கிக்கொள்வேன்.

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. இது உனக்குச் சேர வேண்டியது. இதைச் சொன்னால் உம்மா அத்தனை நாள் அறிவோடு இருந்தாள் என்பது தெரிந்துவிடும் என்று மூன்று வருடம் வாய்க்குள்ளேயே வைத்திருந்தேன். எட்டாம் நாள் பின்னேரம் நான் உள்ளே போனபோது, சிங்கள நர்ஸ் பிள்ளை ஒருத்தி தன் போனில் உன் ஆட்டத்தைத் தேடி எடுத்து உம்மாவுக்குக் காட்டிக்கொண்டிருந்தாள். பக்கத்துக் கட்டில்காரிகள் எல்லாம் எட்டிப் பார்த்தார்கள். "மே மகே புத்தா" என்று உம்மா எல்லோருக்கும் தன் அரைகுறைச் சிங்களத்தில் சொன்னாள், இது என் மகன் என்று. போர்வைக்கு மேல் ஊசி குத்திய கையும் மற்றக் கையும் மெல்லத் தட்டிக்கொண்டிருந்தன, பாத்தியில் தட்டுவதுபோலவே. முடிந்ததும் என்னைப் பார்த்து முறைத்தாள்.

"இஞ்சாருங்க, அவன் வந்ததும் நான் தூங்கிட்டா நீங்க சொல்லிடுங்க. இடது கால் இன்னும் பிந்துது."

சொல்லிவிட்டேன், மகன்.

உன் வாப்பா